மறுபடியும் ஒரு தடவை எடுங்க தம்பி

இல்ல தம்பி, நான் சொல்றதை முழுசா கேட்டுட்டு அப்புறம் தலையை ஆட்டுங்க. நேத்து எடுத்தீங்களே, நானும் மூணாவது மாடி ஹோலெச்செக் சாரும் புருஷன் பொண்டாட்டியா தெருவுல இறங்கி வர்ற சீன், அதை மறுபடியும் எடுத்தே ஆகணும். நல்லா வரலை. சுத்தமா நல்லா வரலை. டைரக்டருக்குப் பிடிச்சிருந்தா பிடிச்சுட்டுப் போகட்டும், அவர் வெளிநாட்டுக்காரர், அவருக்கு என்ன தெரியும்? நீங்க நம்ம ஊரு ஆளு, உதவி டைரக்டர், நீங்க ஒரு வார்த்தை சொன்னா கேப்பார். வாங்க, உள்ள வாங்க. வாசல்ல நின்னுக்கிட்டுப் பேசற விஷயமா இது?

உக்காருங்க. கடையில இப்ப யாரும் இல்ல. ரொட்டியில ஹாம் வெச்சது தரவா, மீன் வெச்சது தரவா? சரி, ரெண்டையும் சாப்பிடுங்க. ரொட்டி மேல இருக்கற உருளைக்கிழங்கு சாலட் நான் காலையில கலந்தது, பிராக்ல இந்த ஜிஷ்கோவ் பேட்டை முழுக்கத் தேடினாலும் இப்படிக் கிடைக்காது. காசா? காசை எடுத்தீங்கன்னா எனக்குக் கெட்ட கோவம் வரும். இது லஞ்சம் தம்பி, லஞ்சத்துக்கு யாராவது காசு குடுப்பாங்களா? வெள்ளரிக்கா ஊறுகா இன்னும் ரெண்டு துண்டு வைக்கறேன்.

ஏன் நல்லா வரலையா? சொல்றேன். இதோ பாருங்க, கையில. கடிகாரம். கழட்ட மறந்தே போச்சு. இது நடக்கற அடியை எண்ணும், தூக்கத்தை எண்ணும், நெஞ்சு துடிக்கறதைக்கூட எண்ணும். கம்யூனிஸ்ட் காலத்துக் கதையில ஒரு பொம்பளை இதைக் கட்டிக்கிட்டு நடந்து வந்தா பாக்கறவன் வாயால சிரிப்பானா? ... என்னது? அழிச்சுடுவீங்களா? கம்ப்யூட்டர்லயா? ஓ.

சரி, நீங்க எதைத்தான் அழிக்கலை! தெரு முனையில வானத்தைக் குத்திக்கிட்டு நிக்குதே டிவி கோபுரம், அவ்ளோ பெருசு, அதையே அழிச்சுடுவோம்னு சொன்னீங்க. எங்க மாடி வீட்டுச் சுவரோட மஞ்சளை அழிச்சீங்க. அது என்ன லேசுல வந்த மஞ்சளா? முன்னாடி சுவரெல்லாம் கரி படிஞ்சு வீடே அடுப்படி மாதிரி கிடந்துச்சு. பெயின்ட் அடிக்கலாம்னு குடியிருக்கறவங்க மீட்டிங்ல ஒரே நாள்ல முடிவு பண்ணிட்டோம். என்ன கலர்னு முடிவு பண்ணத்தான் வருஷக்கணக்காச்சு. நான் வெண்ணெய் மஞ்சள்னேன். ஹோலெச்செக் சார் எழுந்து பச்சைன்னார். ரொம்ப மரியாதையாச் சொன்னார். குபாத்தோவா மேடம், உங்க ரசனையை நான் மதிக்கறேன், ஆனா இந்த மஞ்சளை அடிச்சா வீடு புட்டிங் மாதிரி இருக்கும்னார். நானும் மரியாதையாத்தான் சொன்னேன், ஹோலெச்செக் சார், நீங்க சொல்ற பச்சையை நான் ஆஸ்பத்திரியிலதான் பார்த்திருக்கேன்னு. ஒவ்வொரு மீட்டிங்கும் இதே கூத்து. மத்தவங்க எல்லாம் வேடிக்கை பார்க்கறதுக்குன்னே வருவாங்க. கடைசியில சுவர் மஞ்சள், ஜன்னலைச் சுத்திப் பச்சைன்னு ஒத்துக்கிட்டோம்.

அதைத்தான் உங்க ஆளுங்க ஒரே காலையில சாம்பலாக்கிட்டாங்க. சுவர்ல மேல சாம்பல் துணி, கீழ உரியற பெயின்ட், அதுக்கு மேல அழுக்கு. அழுக்கு தீட்டறதுக்குன்னே ஒரு பொண்ணு வந்திருந்தா, அதுக்குன்னு தனியா காலேஜ்ல படிச்சவளாம். ஹோலெச்செக் சார் நாயோட வந்து என் பக்கத்துல நின்னு அண்ணாந்து பார்த்தார். மேடம், நம்ம சண்டையில ரெண்டு பேருமே தோத்துட்டோம்னார். எனக்கு அங்கேயே சிரிப்பு தாங்கலை.

கோவமெல்லாம் இல்ல தம்பி. எங்க தெருவுக்கு நடிப்பு புதுசா என்ன? பாரிஸா நடிச்சிருக்கு, அப்ப என் கடை வாசல்ல பூக்கூடை வெச்சாங்க. வியன்னாவா நடிச்சப்போ குதிரை வந்துச்சு. குதிரை போட்டுட்டுப் போனதை நான் அள்ளி ஜன்னல் செடிக்குப் போட்டேன், அந்த வருஷம் பூத்துச்சு பாருங்க, அப்படி ஒரு பூ! லண்டனா நடிச்சப்போ புகையை விட்டு எல்லாரையும் இரும வெச்சாங்க. இத்தனை வேஷம் கட்டினதுக்கு அப்புறம், முதல் தடவையா எங்க தெருவை பிராக்காவே நடிக்கக் கூப்பிட்டீங்க. நாங்க எல்லாரும் ஜன்னல் கண்ணாடி துடைச்சு, வாசப்படி கழுவி வெச்சிருந்தோம். உங்க டைரக்டர் வந்தார். இந்தப் பக்கம் பார்த்தார், அந்தப் பக்கம் பார்த்தார். பிராக் மாதிரி இல்லையேன்னுட்டார்!

சிரிங்க சிரிங்க. நீங்கதானே அதை எங்களுக்கு மொழிபெயர்த்துச் சொன்னீங்க, காது வரைக்கும் செவந்து போய்.

அவரைச் சொல்லி என்ன பண்றது. அவர் பார்த்த பிராக் எல்லாம் படத்துல பார்த்த பிராக். அதுல எப்பப் பார்த்தாலும் மழை, எங்கேயோ ஒருத்தன் வயலின் வாசிக்கறான், எல்லாரும் தொப்பியை இழுத்து விட்டுக்கிட்டு ஒருத்தரை ஒருத்தர் சந்தேகமாப் பார்க்கறாங்க. அந்தக் காலத்துல நான் இங்கதான் இருந்தேன் தம்பி. கெடுபிடி இருந்துச்சு, வாயைத் திறக்க பயம் இருந்துச்சு, இல்லைன்னு சொல்லலை. என் அண்ணனை ஒரு ஜோக்குக்காக வேலையை விட்டுத் தூக்கினாங்க. ஆனா வெயிலை யாரும் தடை பண்ணலையே. நாங்களும் சிரிச்சோம், டிராம்ல டிக்கெட் எடுக்காம போனோம், தண்ணி போட்டோம், காதலிச்சோம்.

தண்ணின்னதும் ஞாபகம் வருது, அந்த மதுக்கடை சீன்! அப்ப நீங்க இருந்தீங்களா? இல்லையா? அய்யோ, அதைப் போய் விட்டுட்டீங்களே. எங்க முனைக்கடையில தினமும் குடிக்கற ஆளுங்களையே உக்கார வெச்சாங்க. நிஜ பீர் குடுத்தா மத்தியானத்துக்குள்ள எல்லாம் கவுந்துடும்னு யாரோ சொல்லி, கலர் தண்ணி ஊத்திக் குடுத்துட்டாங்க. நுரை இல்ல தம்பி. ஒரு பொட்டு நுரை இல்ல. அதைப் பார்த்து எங்க ஆளுங்க முகம் போன போக்கு இருக்கே! பிளம்பர் யாரோஸ்லாவுக்குக் கண்ணுல தண்ணியே வந்துடுச்சு. உங்க டைரக்டர் எழுந்து நின்னு கை தட்டறார். ஒரு தேசத்தோட சோகத்தை ஒரே பார்வையில காட்டிட்டாங்கன்னு.

இன்னொண்ணு எடுத்துக்குங்க. மீன் வெச்சதுதான் நல்லா இருக்கா? சொன்னேன்ல.

அப்புறம் அந்த வாழைப்பழ வரிசை. அதுல நான் இருந்தேன். பழைய காலத்துக் காய்கறிக் கடை, அப்பல்லாம் வாழைப்பழம் அபூர்வம், அது வந்திருக்கு, சனங்க வரிசையில நிக்கறாங்க, அதுதான் சீன். துணை நடிகருங்க ஒரு இருபது பேர், நான் நடுவுல. முதல் தடவை எடுத்தாங்க, ரெண்டாவது தடவை எடுத்தாங்க. மூணாவது தடவை நான் திரும்பிப் பார்க்கறேன், வரிசை டிராம் ஸ்டாப் வரைக்கும் போகுது! யாருன்னு பார்த்தா எல்லாம் நம்ம தெருக்காரங்க தம்பி. கடைக்குப் போறவங்க, பேங்க்குக்குப் போறவங்க, நாயைக் கூட்டிக்கிட்டுப் போறவங்க. வரிசையைப் பார்த்ததும் வந்து நின்னுட்டாங்க. கேமரா இருக்கு, விளக்கு இருக்கு, ஒருத்தர் கண்ணுக்கும் தெரியலை. ரிட்டயர் ஆன அந்த ரஷ்ய மொழி டீச்சர் என் தோளைத் தட்டி, என்ன குடுக்கறாங்கன்னு கேக்கறாங்க. தெரியலைங்கன்னேன். சரி, எதுவா இருந்தாலும் ரெண்டு வாங்கி வைப்போம்னு நின்னுட்டாங்க.

டைரக்டருக்கு ஒரே சந்தோஷம். இவ்ளோ பேரை யார் வரவழைச்சதுன்னு கேக்கறார். படம் எடுத்து முடிச்சு, பழத்தை வேன்ல ஏத்தப் போனாங்க பாருங்க, அப்பத்தான் கலவரம். இவ்ளோ நேரம் நிக்க வெச்சுட்டு எங்க தூக்கிட்டுப் போறீங்கன்னு டீச்சர் வேன் கதவைப் பிடிச்சுக்கிட்டாங்க. ஆளுக்கு ரெண்டு குடுத்துத்தான் வேனை எடுக்க முடிஞ்சுது. நான் சிரிச்ச சிரிப்புல எனக்கு விலா பிடிச்சுக்கிச்சு. அதனாலதான் என்னை வரிசையிலேருந்து தூக்கினாங்க. எல்லார் முகமும் வாடியிருக்கு, நடுவுல ஒருத்தி மட்டும் குலுங்கிக் குலுங்கிச் சிரிக்கறா, அந்த அம்மாவை எங்கேயாவது தூரமா நிறுத்துங்கன்னு உங்க டைரக்டர் சொன்னாராம். நீங்கதான் வந்து நாசூக்காச் சொன்னீங்க.

சரி, சீனுக்கு வர்றேன். இன்னொரு தப்பு இருக்கு. நாய். போபிக் நேரா கேமராவைப் பார்த்துடுச்சு. அதுக்கு நடிப்பே வராது, ஹோலெச்செக் சார் முன்னாடியே சொன்னார். ... கேமராவைப் பார்க்கற நாய் அழகா இருக்குன்னு டைரக்டர் சொன்னாரா? சரி. அவர் என்னதான் வேண்டாம்னு சொல்வார்!

ஹோலெச்செக் சாரை மட்டும் வேண்டாம்னார், அது தெரியும். அந்த ரகசிய போலீஸ் சீன்ல. அய்யோ, அதை நினைச்சா எனக்கு இப்பவும் மூச்சு முட்டுது. சொல்றேன் கேளுங்க, நீங்க அப்ப கீழ தெருவுல இருந்தீங்க, நான் மாடிப்படியில நின்னு பார்த்தேன். அவருக்கு நல்ல உயரம், அகலமான தோள், டிராம் ஓட்டினவர்ங்கறதால ஒரு கம்பீரம். தோல் கோட்டை மாட்டிவிட்டதும் எனக்கே பயமா இருந்துச்சு. அவர்தான் தலைவர், பின்னாடி மூணு பேர். சீன் என்னன்னா, விடியக்காலையில ஒரு எழுத்தாளர் வீட்டுக் கதவை உடைச்சு உள்ள போய் அவரைப் பிடிக்கணும். உள்ள அந்த வெளிநாட்டு நடிகை, பொண்டாட்டி வேஷம், நைட்டி போட்டுக்கிட்டு நடுங்கிக்கிட்டு நிக்கறா.

ஆரம்பிங்கன்னதும் ஹோலெச்செக் சார் ஒரே உதை. கதவு பறந்துச்சு. உள்ள ஒரு அடி வெச்சார். வெச்சுட்டு அந்த அம்மாவைப் பார்த்து, வணக்கம்னார். அப்புறம் குனிஞ்சார். குனிஞ்சு, ஷூ லேஸைப் பிரிச்சு, ஷூவைக் கழட்டி, சுவரோரமா ஜோடியா வெச்சார்! தலைவர் கழட்டினா மத்தவங்க என்ன பண்ணுவாங்க? மூணு பேரும் வணக்கம் வணக்கம்னு வரிசையாக் கழட்டினாங்க. அடுத்தவங்க வீட்டுக்குள்ள ஷூவோட எப்படிங்க போறது? நானா இருந்தாலும் கழட்டியிருப்பேன். நாலு ரகசிய போலீஸும் சாக்ஸோட, கட்டில் அடியில துப்பறியறாங்க. அதுல ஒருத்தன் சாக்ஸுல கட்டைவிரல் எட்டிப் பார்க்குது. நடிகைக்கு நடுக்கம் போய் விக்கல் வந்துடுச்சு.

மறுபடியும் எடுத்தாங்க. ஷூவோட போங்கன்னு திட்டமாச் சொல்லிட்டாங்க. ஹோலெச்செக் சார் கதவை உதைச்சார், ஷூவோட உள்ள போனார், அந்த அம்மாவைப் பார்த்தார், அவங்க தரைவிரிப்பைப் பார்த்தார், வாசலுக்கு வந்து மிதியடியில நல்லாத் தேய்ச்சுட்டுத் திரும்பப் போனார். அவ்வளவுதான். இந்த ஆளை வெச்சு ஒருத்தரையும் கைது பண்ண முடியாதுன்னு உங்க டைரக்டர் தலையில கை வெச்சுட்டார். தோல் கோட்டைக் கழட்டி வேற ஆளுக்குக் குடுத்துட்டாங்க.

அப்படித்தானே எங்க ரெண்டு பேரையும் ஒண்ணு சேர்த்தீங்க. சிரிச்சுக் கெடுத்தவ ஒருத்தி, மரியாதையில கெடுத்தவர் ஒருத்தர், ரெண்டு பேரும் தூரத்துல புருஷன் பொண்டாட்டியா நடந்து வரட்டும், யாருக்கும் தொந்தரவு இல்லன்னு. என் கையில வலைப்பை, அதுல முட்டைகோஸ். அவர் கையில நாய். டைரக்டர் சொன்னார், சும்மா வராதீங்க, ஏதாவது சண்டை போட்டுக்கிட்டே வாங்க, என்ன வேணா பேசலாம், உதடு அசைஞ்சாப் போதும்னு.

முட்டைகோஸ்! அந்த முட்டைகோஸ் அந்தக் காலத்து முட்டைகோஸ் மாதிரி இல்ல தம்பி, ரொம்பப் பளபளப்பு. அதுக்காகவாவது... ம். அழிச்சுடுவீங்க. சரி.

கேளுங்க. முதல் தடவை எடுத்தப்போ நாங்க என்ன பேசினோம்னு உங்களுக்கு ஞாபகம் இருக்கா? அவர் கேட்டார், குபாத்தோவா மேடம், நீங்க தயவு செஞ்சு உப்பு வாங்கினீங்களான்னு. நான் சொன்னேன், மன்னிச்சுக்குங்க ஹோலெச்செக் சார், நீங்க ஞாபகப்படுத்தவே இல்லீங்களேன்னு. எங்களுக்குத் தெரிஞ்ச சண்டை அதுதான், மீட்டிங்ல போட்ட சண்டை. அப்ப நீங்கதான் அங்கேருந்து மைக்குல கத்தினீங்க. கட்டிக்கிட்டவங்க யாருங்க இந்த ஊர்ல நீங்க-ன்னு பேசிக்கறாங்க? நீ-ன்னு பேசுங்க, ரெண்டு பேரும்! தெருவுக்கே கேட்டுச்சு. மேல ஜன்னல்ல நின்ன டீச்சர் கை தட்டினாங்க.

மறுபடியும் தெரு மேட்டுக்கு ஏறிப் போய் நின்னோம். அவர் தொண்டையைச் செருமினார். தொப்பியைச் சரி பண்ணினார். நடக்க ஆரம்பிச்சோம். அந்த விளக்குக் கம்பம் தாண்டினதும் சொன்னார். ரத்மிலா, நீ உப்பு வாங்கினியான்னு.

அவ்வளவுதான் தம்பி. உப்பு. ஒரு உப்பைப் பத்தி யாராவது இப்படிச் சொல்லிக் கேட்டிருக்கீங்களா? எனக்குக் காலு தரையில இல்ல. இந்தக் கடிகாரம் கிடுகிடுன்னு ஆடுது, உக்காருங்க, மூச்சை நல்லா இழுத்து விடுங்கன்னு அதுவே எனக்குப் புத்தி சொல்லுது. நான் சொன்னேன், உப்பு தீந்துபோனா நீ வாயைத் திறந்து சொல்றதில்லையான்னு. அதுக்கு அவர், நான் எதைத்தான் வாயைத் திறந்து சொன்னேன், உனக்குத் தெரியாதான்னார். எந்தத் தைரியத்துல சொன்னாரோ. கீழ வந்து சேர்ற வரைக்கும் சண்டை போட்டோம். உன்னால, உன்கிட்ட, நீதான்னு. அப்படி ஒரு இனிப்பான சண்டை. நல்லா வந்துச்சுன்னு நீங்க கத்தினப்போ எனக்கு அழுகையே வந்துடுச்சு. முடிஞ்சு போச்சேன்னு.

ஆமா, நல்லாத்தான் வந்துச்சு. சரி, ஒத்துக்கறேன். கடிகாரம், நாய், முட்டைகோஸ் எல்லாம் சும்மா. சொல்லிட்டேன், போதுமா?

அப்புறம் என்ன ஆச்சுன்னு கேளுங்க. சாப்பாட்டு வண்டிகிட்ட காபி வாங்கிட்டு வந்தார். தொப்பியை எடுத்துட்டு, குபாத்தோவா மேடம், உங்களுக்குச் சர்க்கரை போடட்டுமான்னார். நீங்க! மறுபடியும் நீங்க! எனக்கு அந்தக் காபியை அவர் தலையிலேயே ஊத்தணும்னு இருந்துச்சு. போடுங்க சார்னு சொன்னேன். வேற என்ன சொல்றது.

அவர் மேல தப்பில்ல. பொம்பளை சொல்லாம ஆம்பளை நீ-க்கு இறங்கக்கூடாது, அதுதானே முறை. அவர் முறை தவறாத மனுஷன், கைது பண்ணப் போன இடத்துல ஷூவைக் கழட்டினவர். நான்தான் சொல்லணும். அவர் இந்த வீட்டுக்குக் குடி வந்த புதுசுல சொல்லியிருந்தா, இங்க வழக்கப்படி ஒரு கிளாஸ் ஒயினை இடிச்சுக் குடிச்சு, இனிமே நீ-ன்னு முடிஞ்சு போயிருக்கும். அப்ப அவரோட பொண்டாட்டி இருந்தாங்க, என் புருஷனும் இருந்தான். அப்புறம் அந்த அம்மா தவறிப் போனாங்க, பாவம். என்னோடவன் பிர்னோ ஊர்ல இருக்கற ஒரு பல் டாக்டரம்மாவோட போயிட்டான், பல்லாவது நல்லா இருக்கட்டும். அதுக்கப்புறம் சொன்னா, பாரு, இதுக்குன்னே காத்துக்கிட்டு இருந்தாம்பாங்களோன்னு விட்டேன். தினமும் வர்றார், ஹாம் ஒண்ணு, முட்டை ஒண்ணு வாங்கறார். வணக்கம் மேடம், வணக்கம் சார். மாடிப்படியில வணக்கம், குப்பைத் தொட்டிகிட்ட வணக்கம். இத்தனை வருஷ நீங்க-வை இப்பப் போய் எப்படி உடைக்கறது? வேண்டாம்னு அவர் சொல்லிட்டா அதே படியில நான் எப்படி ஏறுவேன்?

நேத்து ஒரு வார்த்தைக்கு யாரும் பொறுப்பில்லாம இருந்துச்சு தம்பி. நான் கேக்கலை, அவர் கேக்கலை. நீங்க மைக்குல சொன்னீங்க, நாங்க பேசினோம். அதனாலதான் மறுபடியும் ஒரு தடவை எடுங்கன்னு கெஞ்சறேன். படச்சுருள் இல்லாம கேமராவைத் திருப்பினாக்கூடப் போதும். இப்பல்லாம் சுருளே கிடையாதா? அப்ப இன்னும் நல்லது, செலவே இல்ல.

நாளைக்கா? நாளைக்கு முடியாது. நாளைக்கு அவர் போயிடறார். பார்துபித்சேக்கு, பொண்ணு வீட்டுக்கு. தோட்டம் இருக்காம், மாடி ஏற வேண்டாமாம், போபிக் ஓடியாட இடம் இருக்காம். முந்தாநாள் இங்க நின்னுதான் சொன்னார், ஹாமைக் கையில வெச்சுக்கிட்டு. மேடம், நீங்க என்ன நினைக்கறீங்க, போகலாமான்னு கேட்டார். நல்ல ஊருதான் சார், போய்ட்டு வாங்கன்னேன். நீங்க போகாதீங்கன்னு சொன்னா என்ன நினைப்பார்? கடைக்காரி வியாபாரம் போகுதேன்னு சொல்றாம்பார். அதை நீ-ல தான் சொல்ல முடியும். மறுபடியும் எடுத்தா அந்த சீன்லதான் என்ன வேணா பேசலாமே, சண்டையோட சண்டையா, நீ எங்கேயும் போக வேண்டாம், இங்கேயே இருன்னு சொல்லிடலாம்னு பார்த்தேன். அவ்வளவுதான் விஷயம். அதுக்குத்தான் இவ்ளோ நேரம் உங்களைப் பிடிச்சு வெச்சிருக்கேன்.

என்ன எழுந்துட்டீங்க? கேமராவெல்லாம் வண்டியில ஏத்தியாச்சா? அப்ப முதல்லயே சொல்லியிருக்கலாமே, ரெண்டு ரொட்டியையும் முழுங்கிட்டு!

நானேவா? கேமரா இல்லாமலேயா? நீங்க ஈசியாச் சொல்லிட்டீங்க. அய்யோ, கதவைத் திறக்காதீங்க. வர்றார் பாருங்க, அந்தப் பக்கம், நாயோட. சுவரை மூடின துணியை இறக்கறதை அண்ணாந்து பார்த்துக்கிட்டு நிக்கறார். எங்க மஞ்சள் வருது பாருங்க! என் தலைமுடி எப்படி இருக்கு? ஏப்ரன் இருக்கட்டும். இல்ல, கழட்டிடறேன். நீங்க போகாதீங்க தம்பி, இங்கேயே நில்லுங்க. நேத்து மாதிரி ஆரம்பிங்கன்னு ஒரு வார்த்தை சொல்லுங்களேன். சும்மா, மெதுவா. எனக்காக.

ம். சரி.

இங்க வா! ... ஏய், இங்க வா!

அட கடவுளே, நாயை அவுத்து விட்டுட்டார். போபிக், நீ ஏன்டா ஓடி வர்றே? விடு, காலை நக்காதே. தம்பி, இதைப் பிடிங்க. அவர் அங்கேயே நிக்கறார் பாருங்க, தொப்பியைக் கையில வெச்சுக்கிட்டு. நான் நாயைக் கூப்பிட்டேன்னு நினைச்சுட்டார்.

நாயை இல்ல! ... பின்னாடி யாரைத் திரும்பிப் பார்க்கறே? உன்னைத்தான்! ஆமா, உன்னைத்தான்!